‘டொபாக்கனிஸ்ட்’ எப்போதும் புகையிலைக் கடைக்காரர்தானா?

உங்கள் கேள்வியை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுதப்பட்ட ஓர் ஆங்கிலக் கட்டுரையைத் தமிழாக்குகிறீர்கள். அதில் ‘டொபாக்கனிஸ்ட்’ ஒருவரை ஆசிரியர் திட்டித் தீர்க்கிறார். கையில் இருக்கும் அகராதி ‘புகையிலை விற்பவர்’ என்கிறது. ஆனால் அந்த ஆள் எதையும் விற்கவில்லை. குடிகாரர்களோடும் சூதாடிகளோடும் வரிசையில் நின்று மூக்கு வழியே புகை விட்டுக்கொண்டிருக்கிறார். அகராதி தப்பா, ஆசிரியர் தப்பா என்று கேட்டிருக்கிறீர்கள். கூடவே, மற்ற ஐரோப்பிய மொழி நாவல்களில் வரும் புராலிஸ்த், எஸ்தாங்கெரோ, டிராஃபிகான்ட் எல்லாருக்கும் ‘புகையிலைக் கடைக்காரர்’ என்ற ஒரே சொல்லைப் போட்டுவிடலாமா என்றும் கேட்கிறீர்கள். இரண்டுக்கும் அடியில் இருப்பது ஒரே சந்தேகம்தான்: புகையிலை விற்பவரைக் குறிக்கும் சொல், காலமும் நாடும் மாறினாலும் அதே ஆளைத்தான் குறிக்கிறதா? இல்லை. அந்தச் சொல்லைப் பார்த்ததும் எந்த ஆண்டு, எந்த ஊர், அந்த ஆள் என்ன செய்கிறார் என்ற மூன்றையும் பார்த்துவிட்டுத்தான் தமிழ்ச் சொல்லில் கை வைக்க வேண்டும்.

உறுதியாகச் சொல்லக்கூடியதிலிருந்து தொடங்குகிறேன். ஆங்கிலத்தில் ‘டொபாக்கனிஸ்ட்’ 1590களில் தலைகாட்டும்போது அதற்குப் பொருள் புகையிலைக்கு அடிமையானவர், புகைபிடிப்பவர் என்பதே. விற்பவர் என்ற பொருள் 1650களில்தான் பதிவாகிறது. ஆக உங்கள் ஆசிரியரும் சரி, அகராதியும் பொய் சொல்லவில்லை. நீங்கள் வைத்திருப்பது இன்றைய பொருளை மட்டும் தரும் கையடக்க அகராதியாக இருக்கும். பழைய பனுவலுக்குப் பொருள்களைக் காலவரிசையில் அடுக்கி, ஒவ்வொன்றுக்கும் ஆண்டு போட்டு மேற்கோள் காட்டும் ஆக்ஸ்ஃபோர்டு பேரகராதி போன்ற ஒன்றைத்தான் திறக்க வேண்டும். அதில் முதலில் வருவது பழைய பொருள். மாணவர் அகராதிகளில் முதலில் வருவது இன்று புழங்கும் பொருள். இந்த வேறுபாடு தெரியாமல் முதல் பொருளையே எடுத்துப் போடுவதால்தான் இந்த மாதிரிச் சறுக்கல்கள் நடக்கின்றன.

அப்படியானால் அந்தக் காலத்தில் விற்பவரை என்னவென்று அழைத்தார்கள்? பென் ஜான்சன் 1610இல் எழுதிய ‘தி ஆல்கெமிஸ்ட்’ நாடகத்தில் ஏபெல் டிரக்கர் என்றொரு கடைக்காரன் வருகிறான். பாத்திரப் பட்டியலில் அவன் தொழில் ‘டொபாக்கோ-மேன்’ என்றுதான் இருக்கிறது. அதாவது நம் ‘புகையிலைக்காரன்’. ‘டொபாக்கனிஸ்ட்’ என்ற சொல் அப்போது புகைப்பவரிடம் இருந்ததால் விற்பவருக்கு வேறு சொல் தேவைப்பட்டது. உங்கள் வாக்கியத்துக்கும் இதே பாதைதான். ‘புகைப்பித்தர்’ அல்லது ‘புகைக்கு அடிமையானவர்’ என்று போடுங்கள். திட்டும் தொனி தூக்கலாக இருந்தால் ‘புகைக்குடியன்’ பொருந்தும்.

அந்த டிரக்கரின் கடையைக் கொஞ்சம் நின்று பார்ப்பது நல்லது. அந்தக் காலப் புகையிலைக் கடை எப்படி இருந்தது என்பதற்கு அதைவிடக் கிட்டத்தில் காட்டும் விவரிப்பு கிடைப்பது அரிது. அவன் நல்ல சரக்குக்காரன் என்று நாடகத்தில் இன்னொருவன் சான்று கொடுக்கிறான். எப்படி? இனிப்பு ஒயினின் அடிமண்டியையோ எண்ணெயையோ கலந்து இலையைக் கெடுப்பதில்லை, எண்ணெய்ப் பிசுக்குத் தோலில் சுற்றிச் சரளைக்கு அடியில் புதைத்து வைப்பதில்லை, நேர்த்தியான ஜாடிகளில் வைத்திருக்கிறான், மூடியைத் திறந்தால் ரோஜா குல்கந்து போல மணக்கிறது என்று. அவன் செய்யாத வேலைகளின் பட்டியல்தான் மற்ற கடைக்காரர்கள் செய்த வேலைகளின் பட்டியல். இலை காய்ந்தால் எடை குறையும், நொறுங்கும், காரம் ஏறும். ஈரமும் எண்ணெயும் சேர்த்தால் எடை கூடும், பழைய இலையும் புதிது போல மினுக்கும். கடையில் மேப்பிள் மரக்கட்டை ஒன்று, இலையை வைத்து நறுக்க. வெள்ளி இடுக்கி ஒன்று, தணலை எடுத்துச் சுங்கானில் வைக்க. ஜூனிப்பர் விறகின் நெருப்பு, வின்செஸ்டரில் செய்த சுங்கான்கள். வாங்கியவர் அங்கேயே பற்றவைத்து இழுப்பதற்கான ஏற்பாடு இது. பொட்டலம் கட்டிக் கொடுத்து அனுப்பும் கடை மட்டுமில்லை. இதை மனத்தில் வைத்துக்கொண்டால், அந்தக் காலப் பனுவலில் ‘புகையிலைக் கடையில் உட்கார்ந்திருந்தான்’ என்று வரும்போது திகைக்க மாட்டீர்கள்.

இன்னொரு இடத்திலும் உங்களுக்கு இடறும், ஆனால் அங்கே தமிழ் கைகொடுக்கும். அந்தக் காலத்து ஆங்கிலத்தில் புகையிலையைக் ‘குடிப்பது’ என்றே சொன்னார்கள். பலர் இதைப் பார்த்ததும் புகையிலையை நீரில் ஊறவைத்துக் குடித்தார்களோ என்று அடிக்குறிப்பு எழுதிவிடுகிறார்கள். வேண்டாம். பீடி குடிக்கிறான், சுருட்டுக் குடிக்கிறான் என்று நம் ஊரில் இன்றும் சொல்கிறோமே, அதேதான். அரபியிலும் துருக்கியிலும் இந்தியிலும் இதே வழக்கு உண்டு. ஆங்கிலம் பிற்காலத்தில் கைவிட்ட சொல்முறையைத் தமிழ் வைத்துக்கொண்டிருக்கிறது. நேரடியாகப் ‘புகையிலை குடித்தான்’ என்று போட்டால் மூலத்தின் வாசனையே வந்துவிடும்.

இனி சந்தேகத்துக்குரியவை. முதலாவது, ‘டொபாக்கோ’வில் ‘இஸ்ட்’ சேர்க்கும்போது நடுவில் ஒரு ‘ன்’ எங்கிருந்து வந்தது என்பது. ‘பிளேட்டோனிஸ்ட்’ போன்ற சொற்களைப் பார்த்து வந்திருக்கலாம், இரண்டு உயிரொலிகள் முட்டிக்கொள்ளாமல் இருக்க நுழைந்திருக்கலாம். இரண்டும் ஊகங்களே. இரண்டாவது, ‘தபாக்கோ’ என்ற மூலச் சொல்லின் பொருள். கரீபியன் தீவுகளின் தாயினோ மக்களிடமிருந்து ஸ்பானியர் எடுத்துக்கொண்ட சொல் என்பதே பரவலான கருத்து. ஆனால் அது இலையின் பெயரில்லை என்பதில் பழைய ஸ்பானிய எழுத்தாளர்கள் இருவர் ஒத்துப்போகிறார்கள். எதன் பெயர் என்பதில் பிரிகிறார்கள். ஒவியேதோ அது புகையை மூக்கால் இழுக்கும் கவட்டைக் குழலின் பெயர் என்கிறார். லாஸ் காசாஸ் அது சுருட்டிய இலைச்சுருளின் பெயர் என்கிறார். இதற்கிடையில், அமெரிக்காவை ஐரோப்பியர் காண்பதற்கு முன்பே அரபி வழியாக வந்த இதே போன்ற ஒரு சொல் ஸ்பெயினில் சில மருந்து மூலிகைகளுக்கு இருந்தது என்று காட்டி, தாயினோ மூலத்தையே கேள்வி கேட்பவர்களும் உண்டு. மூன்றாவது சந்தேகம்தான் உங்களுக்கு நடைமுறையில் முக்கியம்: 1650கள் முதல் ஏறத்தாழ 1680 வரை எழுதப்பட்டவற்றில் இரண்டு பொருளுமே ஓடுகின்றன. அங்கே ஆண்டு மட்டும் முடிவு சொல்லாது. பக்கத்தில் யார் நிற்கிறார்கள் என்று பாருங்கள். மளிகைக்காரர், மருந்துக் கடைக்காரர், கண்ணாடி விற்பவர் என்று தொழில்கள் வரிசையாக வந்தால் விற்பவர். குடிகாரர், ஊதாரி, சோம்பேறி என்று வந்தால் புகைப்பவர். தெருவும் அடையாளப் பலகையும் சொல்லப்பட்டிருந்தால், உதாரணமாக ‘இன்ன சின்னம் தொங்கும் வீட்டில் இருக்கும் டொபாக்கனிஸ்ட்’ என்று இருந்தால், கடைக்காரர் என்பதில் ஐயமே வேண்டாம். எழுத்தறிவு குறைந்திருந்த காலத்தில் கடைக்கு முகவரி அந்தச் சின்னம்தான்.

18ஆம் நூற்றாண்டுக்கு வந்தால் புகைப்பவர் என்ற பொருள் மறைந்துவிட்டது, ஆனால் நிம்மதி இல்லை. இப்போது இச்சொல் விற்பவரை மட்டுமல்ல, இலையைப் பதப்படுத்தி, நறுக்கி, திரித்து, பொடியாக அரைத்துத் தயாரிப்பவரையும் குறிக்கிறது. பல இடங்களில் இருவரும் ஒருவரே. எடின்பரோவின் ஜேம்ஸ் கில்லெஸ்பி நல்ல எடுத்துக்காட்டு. நகரின் ஹை ஸ்ட்ரீட்டில் கடை, ஊருக்கு வெளியே காலின்டனில் பொடி அரைக்கும் ஆலை. அண்ணன் தம்பி இருவரும் ஆளுக்கொன்றாகப் பார்த்துக்கொண்டார்கள். 1797இல் கில்லெஸ்பி இறந்தபோது அந்தப் பொடிக்காசு முதியோர் இல்லத்துக்கும் பள்ளிக்கும் போனது. அவர் பெயரில் எடின்பரோவில் இன்றும் பள்ளி இருக்கிறது. இப்படிப்பட்டவரைப் ‘பெட்டிக்கடைக்காரர்’ ஆக்கிவிட்டால் கதையே விழுந்துவிடும். ‘மூக்குப்பொடி வணிகர்’ என்பதும் ‘பொடி ஆலைக்காரர்’ என்பதும் பொருந்தும்.

அமெரிக்காவில் இது இன்னும் கடுமை. 19ஆம் நூற்றாண்டு வர்ஜீனியாவில், குறிப்பாக ரிச்மண்டிலும் லிஞ்ச்பர்கிலும், ‘டொபாக்கனிஸ்ட்’ என்றால் பெரும்பாலும் வாய்ப்புகையிலைத் தொழிற்சாலையின் முதலாளி. இலைக்கு அதிமதுரமும் சர்க்கரையும் சேர்த்து அழுத்திக் கட்டிகளாகச் செய்யும் ஆலைகள் அவை. அங்கே வேலை செய்தவர்களில் பெரும்பகுதியினர் அடிமைப்பட்ட கறுப்பின மக்கள். சிலர் ஆலை முதலாளியின் உடைமை, மற்றவர்களை அவர்களுடைய உரிமையாளர்களிடமிருந்து ஆண்டுக் கணக்கில் வாடகைக்கு எடுத்தார்கள். ஒரு நினைவுக் குறிப்பில் ‘ஒரு டொபாக்கனிஸ்டிடம் வாடகைக்கு விடப்பட்டேன்’ என்று வந்தால், அதைக் ‘கடைக்காரரிடம் வேலைக்கு விடப்பட்டேன்’ என்று எழுதுவது வெறும் சொற்பிழை அல்ல. அந்த மனிதர் பட்ட பாட்டின் அளவையே சுருக்கிவிடுகிறது. ‘புகையிலை ஆலை முதலாளி’ என்று தெளிவாக எழுதுங்கள். இதோடு குழப்பிக்கொள்ளக் கூடாத இன்னொரு கூட்டம், 18ஆம் நூற்றாண்டு கிளாஸ்கோவின் ‘டொபாக்கோ லார்ட்ஸ்’. இவர்கள் வர்ஜீனியா இலையைக் கப்பல் கப்பலாக இறக்கி பிரான்சு முதலிய நாடுகளுக்கு மறுபடி ஏற்றுமதி செய்த பெருவணிகர்கள். சில்லறைக் கடையோடு அவர்களுக்கு ஒட்டும் இல்லை உறவும் இல்லை.

இன்றைய பிரிட்டிஷ் வழக்கில் நீங்கள் கவனிக்க வேண்டியது சொல்லின் வாலில் வரும் உடைமைக் குறி. அந்தக் குறியோடு ‘டொபாக்கனிஸ்ட்ஸ்’ என்று வந்தால் அது ஆளில்லை, கடை. ‘கடைக்காரருடையது’ என்று மொழிபெயர்த்து, எதுவுடையது என்று தேடிக்கொண்டிருப்பவர்களைப் பார்க்கலாம். ‘புகையிலைக் கடைக்குப் போனான்’, அவ்வளவுதான். பெரும்பாலான பிரிட்டிஷ் தெருக்களில் அது தனிக்கடையுமில்லை. மிட்டாய், சிகரெட், செய்தித்தாள் மூன்றையும் ஒன்றாக விற்கும் கடை. இதற்கு வியாபார வட்டத்தில் மூன்று தொழில்களின் முதலெழுத்தைச் சேர்த்து ‘சிடிஎன்’ என்று பெயர். தனிக்கடை எது என்பதைச் சட்டமே வரையறுத்திருக்கிறது. 2002ஆம் ஆண்டின் புகையிலை விளம்பரச் சட்டப்படி, ஒரு கடையின் விற்பனையில் பாதிக்கு மேல் சுருட்டு, மூக்குப்பொடி, சுங்கான் புகையிலை, புகைக்கும் துணைப்பொருள்கள் ஆகியவற்றிலிருந்து வந்தால்தான் அது ‘ஸ்பெஷலிஸ்ட் டொபாக்கனிஸ்ட்’. சிகரெட் இந்தக் கணக்கில் வராது. நாள் முழுக்க சிகரெட் மட்டுமே விற்றாலும் அந்தப் பெயர் கிடைக்காது. பிறகு இங்கிலாந்தில் புகையிலைப் பொருள்களைக் கண்ணில் படும்படி அடுக்கக் கூடாது என்ற தடை பெரிய கடைகளுக்கு 2012இலும் சிறிய கடைகளுக்கு 2015இலும் வந்தபோது இந்த வரையறை உயிர்நாடியானது. இந்தச் சிறப்புக் கடைகள் வெளியிலிருந்து தெரியாத வரை உள்ளே அடுக்கிவைக்கலாம். ஆகவே 2015க்குப் பிறகு நடக்கும் ஓர் இங்கிலாந்துக் கதையில் கல்லாவுக்குப் பின்னால் சிகரெட் பெட்டிகள் வரிசையாக மின்னுவதாக நீங்கள் அலங்கரித்து எழுதினால் தவறாகிவிடும்.

பிரெஞ்சு ‘புராலிஸ்த்’ முற்றிலும் வேறு வகை. சொல்லிலேயே புகையிலை இல்லை. ‘பூரோ’, அதாவது அலுவலகம்தான் இருக்கிறது. காரணம், அவர் அடிப்படையில் அரசின் சார்பில் உட்கார்ந்திருக்கிறவர். பிரான்சில் 1674இலேயே புகையிலை விற்கும் உரிமை அரசனின் ஏகபோகமாகிக் குத்தகைக்கு விடப்பட்டது. புரட்சி 1791இல் அதை ஒழித்தது, நெப்போலியன் 1810இல் திரும்பக் கொண்டுவந்தார். இன்றும் புராலிஸ்த் சுங்கத் துறையோடு ஒப்பந்தம் போட்டுத்தான் விற்கிறார், விலையையும் அரசு ஒப்பிய பிறகே பெருநிலம் முழுக்க ஒரே விலையாக வைக்கிறார். வரி முத்திரைகளும் அஞ்சல் தலைகளும் அவரிடமே கிடைக்கும். 19ஆம் நூற்றாண்டில் இந்தக் கடை உரிமத்தைப் படைவீரரின் கைம்பெண்களுக்கும் போரில் ஊனமுற்றவர்களுக்கும் அரசுக்கு வேண்டியவர்களுக்கும் சலுகையாகக் கொடுத்தார்கள். அந்தக் கால நாவலில் ‘விதவைக்கு ஒரு புகையிலைக் கடை கிடைத்தது’ என்று வந்தால், அவள் முதல் போட்டுக் கடை திறந்தாள் என்று எண்ணிவிடக் கூடாது. அரசு அவளுக்குப் பிழைக்க வழி செய்தது என்று பொருள். ‘புகையிலை விற்கும் உரிமம் கிடைத்தது’ என்றால் சரியாக இருக்கும். கடை வாசலில் தொங்கும் சிவப்புச் சாய்சதுரத்தின் பெயர் ‘காரோத்’, அதாவது கேரட். இலைகளை இறுக்கிக் கட்டி இரு முனையும் கூம்பிய சுருளாக விற்றார்கள். வாங்கியவர் அதைத் துருவித் துருவிப் பொடியாக்கி மூக்கில் போட்டார். அந்தச் சுருளின் உருவம்தான் பலகையாக நிற்கிறது. லண்டன் ஹேமார்க்கெட்டில் 1720 முதல் இருந்த ஃபிரைபர்க் அண்ட் டிரேயர் என்ற பேர்பெற்ற பொடிக்கடையின் சின்னம்கூடத் துருவியும் கிரீடமும்தான். எனவே ஒரு பிரெஞ்சுத் தெருவில் ‘கேரட்டுக்கு அடியில் சந்திப்போம்’ என்று யாராவது சொன்னால் காய்கறிக் கடைக்குப் போய்விடாதீர்கள்.

ஸ்பானியத்தில்தான் அதிகக் கண்ணிகள். ‘எஸ்தாங்கோ’ என்றால் அரசு உரிமம் பெற்ற புகையிலைக் கடை, அதை நடத்துபவர் எஸ்தாங்கெரோ, பெண்ணானால் எஸ்தாங்கெரா. வேர்ச்சொல்லின் பொருள் தண்ணீரைத் தேக்குவது. ஒரு பொருளைத் தன்னிடமே தேக்கி வைத்துக்கொள்வது ஏகபோகம். ஸ்பெயினின் காஸ்தீலில் 1636இல் புகையிலைக்கு இந்தத் தேக்கம் போடப்பட்டது. நம் பக்கத்தில் திருவிதாங்கூர் அரசு யாழ்ப்பாணப் புகையிலையை ஏகபோகமாக வைத்திருந்தது இதற்கு நெருங்கிய ஏற்பாடு. அதனால் பழைய காலக் கதைக்குக் ‘குத்தகைப் புகையிலைக் கடை’ என்று எழுதலாம், வாசகர் பிடித்துக்கொள்வார். ஆனால் அதே சொல் மெக்சிகோவில் ‘எஸ்தாங்கியோ’ என்று குறுகிச் சாதாரணச் சில்லறைக் கடையாகிவிடுகிறது. சிலி நாட்டு வரலாற்றில் ‘எஸ்தாங்கெரோஸ்’ என்று பன்மையில் வந்தால் அவர்கள் கடைக்காரர்களே இல்லை, ஓர் அரசியல் அணி! வணிகர் தியேகோ போர்த்தாலெஸும் அவர் பங்காளியும் 1824இல் அரசிடமிருந்து புகையிலை ஏகபோகத்தைக் குத்தகைக்கு எடுத்தார்கள், 1826இல் அது பறிபோனது; அதைச் சுற்றித் திரண்டவர்களுக்கு அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. அதைப் ‘புகையிலைக் கடைக்காரர்கள் ஆட்சியைப் பிடிக்கத் திட்டமிட்டனர்’ என்று மொழிபெயர்த்தால் எப்படி இருக்கும் என்று பாருங்கள். அப்படியே ஒலிபெயர்த்து, முதல் தடவை வரும் இடத்தில் ஒரு வரி விளக்கம் கொடுப்பதே நல்லது.

‘தபாக்கெரோ’வும் பார்வைக்கு விற்பவர் போல இருக்கும். கியூபாவிலும் புவேர்த்தோ ரீக்கோவிலும் அவர் சுருட்டுச் சுற்றும் தொழிலாளி. 1860களில் ஹவானா ஆலைகளில், சுற்றிக்கொண்டிருக்கும் தொழிலாளர்களுக்குச் செய்தித்தாளும் நாவலும் உரக்கப் படிக்க ஒருவரை அமர்த்தும் வழக்கம் தொடங்கியது. அவருக்கான கூலியைத் தொழிலாளர்களே தங்கள் சம்பளத்திலிருந்து போட்டுக் கொடுத்தார்கள். கேரளத்தின் கண்ணூரில் பீடி சுற்றும் கொட்டகைகளிலும் இதே வழக்கம் இருந்தது. கைக்கு வேலை, காதுக்கு ஓய்வு என்ற தொழிலில் எங்கும் இது தானாக முளைக்கும் போலிருக்கிறது. எனவே தபாக்கெரோவைச் ‘சுருட்டுத் தொழிலாளி’ என்றே எழுதுங்கள். செவில் நகரின் ‘சிகரெரா’வும் சுருட்டு விற்கும் பெண் அல்ல, ஆலையில் சுற்றும் பெண்.

இத்தாலியில் சிக்கல் குறைவு. தபாக்காயோ கடைக்காரர், தபாக்கெரியா கடை, வாசலில் பெரிய ‘டி’ எழுத்து. பழைய பலகைகளில் ‘உப்பும் புகையிலையும்’ என்றிருக்கும். 1970கள் வரை உப்பும் அரசு ஏகபோகம், இந்தக் கடைகளில்தான் கிடைத்தது. ஆஸ்திரியாவின் ‘டிராஃபிக்’ என்ற கடையில் சிகரெட்டோடு செய்தித்தாளும் டிராம் சீட்டும் கிடைக்கும்; 1784இல் பேரரசர் இரண்டாம் ஜோசஃப் ஏற்படுத்திய ஏகபோகத்தின் வழிவந்தது. முதல் உலகப் போருக்குப் பின் ஊனமுற்ற வீரர்களுக்கு முன்னுரிமை கொடுத்துக் கடை ஒதுக்கினார்கள், இன்றும் மாற்றுத்திறனாளிகளுக்கு முன்னுரிமை உண்டு. கதையில் டிராஃபிகான்டுக்கு ஒரு கால் இல்லை என்று வந்தால் அது தற்செயல் இல்லை. செக் மொழியில் இதே ‘டிராஃபிகா’வுக்கு இன்னொரு பொருளும் ஏறிவிட்டது: கட்சிக்கு உழைத்தவருக்குப் பரிசாகக் கொடுக்கும் சொகுசான பதவி. செக் நாளிதழில் ‘அமைச்சருக்கு ஒரு டிராஃபிகா கிடைத்தது’ என்றால் அவர் சிகரெட் விற்கப் போகவில்லை.

கிழக்கே வந்தால் துருக்கியின் ‘துத்துன்ஜு’. ‘துத்துன்’ என்ற சொல்லுக்கே முதற்பொருள் புகை. நாம் புகை தரும் இலையைப் புகையிலை என்றோம், அவர்கள் புகை என்றே நிறுத்திவிட்டார்கள். துத்துன்ஜு விற்பவராகவும் இருக்கலாம், பயிரிடுபவராகவும் இருக்கலாம். கருங்கடல் ஓரத்துக் கிராமம் என்றால் விவசாயியாக இருக்கவே வாய்ப்பு அதிகம், இஸ்தான்புல் தெரு என்றால் கடைக்காரர். எகிப்தின் ‘தகாக்னி’யும் புகையைக் குறிக்கும் அரபிச் சொல்லிலிருந்து வந்த கடைக்காரர்தான். இந்தியாவுக்குள் வந்தால் ‘தம்போலி’யில் பலர் விழுகிறார்கள். ஒலி, இந்தியில் புகையிலையைக் குறிக்கும் ‘தம்பாக்கு’வை நினைவூட்டும், ஆனால் வேர் தாம்பூலம். தம்போலி வெற்றிலை விற்பவர். புகையிலை இந்த நாட்டுக்கு வருவதற்கு முன்பிருந்தே அந்தத் தொழில் உண்டு. பின்னால் அதே கடையில் புகையிலையும் சேர்ந்துகொண்டதால் மயக்கம் வலுத்தது.

மொரீஷியஸ் தமிழர்களைப் பற்றிய கதையில் ‘தபாஜி’ என்று வந்தால், அதைப் புகையிலைக் கடை என்று எழுத வேண்டாம். பிரான்சில் அந்தச் சொல் புகை மண்டிய அறையைக் குறிக்கும், கியூபெக்கில் புகையிலைக் கடையைக் குறிக்கும், மொரீஷியஸில் தெருமுனைச் சில்லறைக் கடை. நம் ‘பெட்டிக்கடை’ அதற்கு அச்சாகப் பொருந்தும்.

கடைசியாகத் தமிழ்ப் பக்கம். நம்மிடம் சொல்லுக்குப் பஞ்சமில்லை, ஆனால் ஒவ்வொன்றும் ஒரு குறிப்பிட்ட கடையைக் கண்முன் நிறுத்திவிடும். பெட்டிக்கடை என்றதும் வாழைப்பழத்தாரும் கயிற்று நெருப்பும் வந்துவிடும். லண்டனின் கண்ணாடிக் கதவுச் சுருட்டுக் கடைக்கு அது ஒட்டாது, நேப்பிள்ஸ் சந்துக்கடைக்கு ஒட்டும். பொடிக்கடை என்றால் தராசும் வாழைமட்டையில் மடித்துத் தரும் பொடியும். 18ஆம் நூற்றாண்டு லண்டன் பொடிக் கடைகளுக்கு இது தயங்காமல் போடக்கூடிய சொல், அங்கும் விற்றது அதுதான், நிறுத்துத்தான் விற்றார்கள். வெற்றிலைபாக்குக் கடை ஐரோப்பாவுக்கு உதவாது. விக்டோரியா காலக் கடையில் ‘ட்ரிச்சினோபொலி’ என்று ஒரு சரக்கு வந்தால் அதை ஒலிபெயர்க்காமல் ‘திருச்சிச் சுருட்டு’ என்று எழுதிவிடுங்கள், நம் ஊரிலிருந்து கப்பலேறிப் போன சரக்கு அது. ‘புகையிலை வியாபாரி’ என்பதை மொத்த வணிகத்துக்கு வைத்துக்கொள்வது நல்லது. சிப்பம் சிப்பமாக வாங்கி விற்பவர் என்ற எண்ணம்தான் அதில் தோன்றுகிறது. பெண் நடத்தும் கடைகளுக்கு இன்னொரு கவனம் வேண்டும். உரிமங்கள் கைம்பெண்களுக்கு அதிகம் போனதால் பிரெஞ்சு, ஸ்பானியக் கதைகளில் பெண்கள் நடத்தும் புகையிலைக் கடைகள் ஏராளம். ‘புராலிஸ்த்’ என்ற சொல்லில் ஆண், பெண் வேறுபாடு தெரியாது, முன்னால் வரும் சுட்டுச்சொல்லைப் பார்த்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். கவனிக்காமல் விட்டால் பத்துப் பக்கம் கழித்து அவர் பாவாடையைச் சரிசெய்யும்போது மாட்டிக்கொள்வீர்கள். தமிழில் ‘புகையிலைக்காரி’ என்றால் மரியாதை குறைகிறது. தெருவில் எல்லாரும் மதிக்கும் பாத்திரமானால் ‘கடைக்காரம்மா’ என்றே எழுதலாம்.